மகள்களின் பாகமும் முரண்பட்ட முன்தீர்ப்புகளும்

உரிமையியல் மேல்முறையீடுகளில் முன்தீர்ப்புகள், அதாவது முந்தைய வழக்குகளில் வழங்கப்பட்டு வழிகாட்டியாக நிற்கும் தீர்ப்புகள், கையாளப்படும் விதம் குறித்த என் கவலைக்கு, மகள்களின் பாகப்பிரிவினை வழக்குகளே முதல் காரணம். இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 2005-ஆம் ஆண்டுத் திருத்தம், கூட்டுக் குடும்பச் சொத்தில் மகனுக்கு உள்ள அதே பிறப்புரிமையை மகளுக்கும் வழங்கியது. தமிழ்நாட்டில் 25.3.1989-க்கு முன்பே மணமாகிப் போனதால் மகள்களுக்குச் சம பாகம் தந்த மாநிலத் திருத்தத்தின் பலனை இழந்திருந்த பெண்கள் இதைப் பெரிதும் நம்பினார்கள். ஆனால் திருத்தம் நடைமுறைக்கு வந்த 9.9.2005 அன்று தந்தை உயிரோடு இருந்திருக்க வேண்டுமா என்ற கேள்வி எழுந்தது. பிரகாஷ் எதிர் பூலவதி வழக்கில் 2015 அக்டோபரில் உச்ச நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு, இருந்திருக்க வேண்டும் என்றது. 2018 பிப்ரவரியில் தனம்மா எதிர் அமர் வழக்கில் வேறோர் இரு நீதிபதிகள் அமர்வு, அந்தத் தீர்ப்பைக் குறிப்பிட்ட பிறகும், 2001-இல் இறந்த ஒருவரின் மகள்களுக்குப் பாகம் வழங்கியது.

தனம்மா தீர்ப்பின் முடிவை முழு மனதோடு வரவேற்கிறேன்; அதை எட்டிய வழியை ஏற்க இயலவில்லை. சம எண்ணிக்கை கொண்ட முந்தைய அமர்வோடு உடன்பட முடியாதபோது, வழக்கைப் பெரிய அமர்வுக்கு அனுப்பப் பரிந்துரைப்பதே முறை. பிரணய் சேத்தி வழக்கில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு இதை அதற்கு மூன்று மாதங்களுக்கு முன்புதான் திட்டவட்டமாக வலியுறுத்தியிருந்தது.

அரசியல் சாசனத்தின் 141-ஆவது பிரிவின்படி இரண்டு தீர்ப்புகளுமே அப்போது கீழமை நீதிமன்றங்களைக் கட்டுப்படுத்தின. அண்ணன் தரப்பு பூலவதியையும் தங்கை தரப்பு தனம்மாவையும் தாக்கல் செய்தால், மாவட்ட நீதிபதி எதைப் பின்பற்றுவார்? முதல் மேல்முறையீட்டில் தோற்றவர், உரிமையியல் நடைமுறைச் சட்டம் 100-ஆவது பிரிவின்படி முக்கியமான சட்டக் கேள்வி எழுவதாகக் காட்டி உயர் நீதிமன்றம் செல்ல வேண்டும். அதற்குள் வயதான பெண்களின் எத்தனை ஆண்டுகள் போய்விடும்! 11.8.2020 அன்று வினீதா சர்மா வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு, மகளின் உரிமை பிறப்பால் வருவது, தந்தை 9.9.2005 அன்று உயிரோடு இருந்திருக்கத் தேவையில்லை என்று கூறி, பூலவதி தீர்ப்பை முழுமையாகவும் தனம்மா தீர்ப்பை ஓரளவும் தள்ளியது. நிலுவை வழக்குகளை இயன்றவரை ஆறு மாதங்களுக்குள் முடிக்குமாறும் கேட்டுக்கொண்டது. 2018-லேயே பெரிய அமர்வுக்கு அனுப்பியிருந்தால், ஒரே கேள்விக்கு இரண்டு விடைகள் ஒரே நேரத்தில் நடப்பில் இருந்திருக்காது.

கீழமை நீதிமன்றங்களில் நடப்பதிலும் ஒரு குறை இருக்கிறது. வழக்கறிஞர் மணிக்கணக்கில் வாதிட்டு முன்வைத்த முன்தீர்ப்பை, "மேற்படி தீர்ப்பு இவ்வழக்கின் பொருண்மைகளுக்குப் பொருந்தாது" என்ற ஒற்றை வரியில் ஒதுக்கிவிடும் மேல்முறையீட்டுத் தீர்ப்புகள் உண்டு. தீர்வுக்குரிய கேள்விகள், முடிவு, அதற்கான காரணங்கள் ஆகியவை தீர்ப்பில் இருக்க வேண்டும் என்று உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 41, விதி 31 கூறுகிறது. எந்தப் பொருண்மை (வழக்கின் உண்மை விவரம்) வேறுபடுகிறது, தந்தை இறந்த தேதியா, 2005 திருத்தம் பாதிக்காத, 20.12.2004-க்கு முன்பே பதிவான பாகப்பத்திரமா என்பதைத் தோற்றவருக்குப் புரியும்படி ஒரு பத்தியிலாவது எழுதியே ஆக வேண்டும்.