'நீடித்தால்' என்ற சொல்லை விழுங்காதீர்கள்

மக்கள்தொகைக் கணக்குகளைப் பற்றிப் பேசிவிட்டு மேடையை விட்டு இறங்கினேன். ஒரு பெரியவர் ஓரமாக வந்து நின்றார். "சராசரி ஆயுள் 70ன்னு சொன்னீங்க. எனக்கு இப்போ 68" என்றார். அதற்கு மேல் கேட்கவில்லை. கையிலிருந்த தண்ணீர் பாட்டிலின் மூடியைத் திருகித் திருகித் திறந்து மூடிக்கொண்டிருந்தார்.

தவறு என்னுடையது. அந்த 70 இப்போது பிறக்கும் குழந்தைக்கான கணக்கு என்று நான் சொல்லவே இல்லை. குழந்தையிலேயே இறப்பவர்கள், நடுவயதில் போய்ச் சேருபவர்கள் எல்லோரும் அந்தச் சராசரிக்குள் இருக்கிறார்கள். 68 வயதைத் தொட்டவர் அதையெல்லாம் தாண்டி வந்தவர். ஜப்பானில் 2023 கணக்குப்படி, பிறக்கும் ஆண் குழந்தைக்கு ஆயுள் 81 வயதை ஒட்டி வருகிறது. அதே நாட்டில் 65 வயதை எட்டிவிட்ட ஆணுக்கோ இன்னும் 19 ஆண்டுகளுக்கு மேல் இருக்கிறது. கூட்டிப் பாருங்கள், 84ஐத் தாண்டும்.

இதுவும் ஜோசியம் இல்லை. 'இன்றைய இறப்பு விகிதங்கள் அப்படியே நீடித்தால்' என்ற நிபந்தனையின் மேல்தான் மொத்தக் கணக்கும் நிற்கிறது. அந்த 'ஆல்' விகுதி எங்கள் அட்டவணையின் அடிக்குறிப்பில் இருக்கும். செய்தித் தலைப்புக்கு வரும்போது உதிர்ந்துவிடும்.

பிறப்புக் கணக்கிலும் இதே கதைதான். 'ஒரு பெண்ணுக்கு இத்தனை குழந்தைகள்' என்று வெளியாகும் மொத்தக் கருவுறுதல் விகிதம் எந்தப் பெண்ணின் வாழ்க்கையும் அல்ல. ஒரே ஆண்டில் 15 வயது முதல் 49 வரை ஒவ்வொரு வயதிலும் பதிவான பிறப்பு விகிதங்களைக் கூட்டி வருவது அது. பெண்கள் குழந்தைப்பேற்றைச் சற்றுத் தள்ளிப்போட்டாலே எண் சரியும்.

1966இல் ஜப்பானில் நடந்ததைப் பாருங்கள். 60 ஆண்டுக்கு ஒருமுறை வரும் 'நெருப்புக் குதிரை' ஆண்டு அது. அந்த ஆண்டில் பிறக்கும் பெண் கணவனுக்கு ஆகாதவள் என்றொரு நம்பிக்கை. முந்தைய ஆண்டு 2.14 ஆக இருந்த விகிதம் 1.58க்கு விழுந்தது. மறு ஆண்டே 2.23. ஒரே ஒரு ஆண்டை மட்டும் பார்த்தவர், அந்நாட்டுப் பெண்களுக்குக் குழந்தையே வேண்டாம் என்று முடிவுகட்டியிருப்பார். அப்புறம் 1989இல் எந்த மூடநம்பிக்கையும் இல்லாமலே விகிதம் 1.57 ஆனது. அதுதான் அந்நாட்டை உலுக்கியது. இரண்டு எண்களும் கிட்டத்தட்ட ஒன்றேதான், பொருள் முற்றிலும் வேறு.

இந்த வேறுபாட்டை எடுத்துச் சொல்ல வேண்டியவர் யார்? பத்திரிகையாளரைக் குறை சொல்லிவிட்டு நாங்கள் ஒதுங்கிக்கொள்ள முடியாது. 'மக்களுக்குப் புரியாது' என்று சக புள்ளியியலாளர்கள் சொல்லும்போது எனக்குக் கோபம் வருகிறது. அந்தப் பெரியவருக்குப் புரிய ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. "அப்போ வயசு ஏற ஏற அந்தக் கணக்கும் தள்ளிக்கிட்டே போகுமா?" என்று அவரே கேட்டார். சரியாகப் பிடித்துவிட்டார். பிறகுதான் அந்த பாட்டிலிலிருந்து ஒரு வாய் தண்ணீர் குடித்தார்.