போல்ட்டை எவ்வளவு முறுக்குவது என்பது ராணுவ ரகசியமா?

வண்டியோடு ஒரு புத்தகம் கொடுத்தார்கள். ஹெல்மெட் போடுவது எப்படி, ஹாரன் எந்தப் பக்கம் என்பதற்கெல்லாம் படம் போட்டு விளக்கம். டேப்பெட் இடைவெளி, அதாவது என்ஜின் வால்வுக்கு விட வேண்டிய சந்து, எவ்வளவு என்று தேடினால் 'அங்கீகரிக்கப்பட்ட சர்வீஸ் சென்டரை அணுகவும்'. பிரேக் ஆயில் மாற்ற வேண்டுமா? அணுகவும். அதற்கு எதற்கய்யா புத்தகம், ஒரு துண்டுச்சீட்டு போதாதா?

என்ஜின் ஆயிலை வடிக்கும் போல்ட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். போல்ட் இரும்பு, அது உட்காரும் உறை அலுமினியம். கூடுதலாக முறுக்கினால் மரை போய்விடும், தளர விட்டால் ஆயில் சொட்டும். முறுக்கும் விசை இத்தனை நியூட்டன் மீட்டர் என்று ஓர் எண் தெரிந்தால் முடிந்தது வேலை. அந்த எண் மெக்கானிக்குகளுக்கான சர்வீஸ் மேனுவலில் பத்திரமாக இருக்கிறது. காசு கொடுத்து வண்டி வாங்கியவனுக்கு மட்டும் கிடையாதாம்.

சர்வீஸ் சென்டரில் கேட்டால், "அதெல்லாம் உங்களுக்கு எதற்கு சார்? விட்டுவிட்டுப் போங்கள், நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்" என்கிறார்கள். பார்த்துக்கொண்ட லட்சணம், செயினில் காய்ந்திருந்த வாய்க்கால் சேற்றின் மேலேயே மசகு எண்ணெய் அடித்து அனுப்பினார்கள். பில்லில் 'செயின் சுத்தம்' என்று தனி வரி வேறு!

மன்னார்குடிப் பக்கம் வந்து பாருங்கள். ஐப்பசி, கார்த்திகையில் களிமண் சக்கரத்தை விடாது. சம்பா அறுவடையில் நெல் சாலையிலேயே காயும். வைக்கோல் தூசி ஏர் ஃபில்டரை அடைத்துவிடும். அடுத்த சர்வீஸுக்கென்று புத்தகத்தில் போட்ட கிலோமீட்டர் வரும்வரை இங்கே யாரால் காத்திருக்க முடியும்? அறுப்பு நேரத்தில் வண்டியை நாள் முழுக்கத் திருவாரூரில் விட்டுவிட்டு நடந்தா வயலுக்குப் போவது?

ஊர்ப் பட்டறை அண்ணன் கார்புரேட்டர் காலத்தில் சத்தத்தை வைத்தே கோளாறைச் சொல்வார். 2020-இல் பிஎஸ்6 என்ற புகைக் கட்டுப்பாட்டு விதி வந்த பிறகு, மீட்டரில் மஞ்சள் விளக்கு எரிந்தால் அவரும் கையைப் பிசைகிறார். கோளாறைப் படிக்கும் கருவியும் இல்லை, விவரமும் இல்லை. கார்களுக்காவது 2014-இல் இந்தியப் போட்டி ஆணையம் 14 நிறுவனங்களுக்கு அபராதம் போட்டு, உதிரிபாகத்தையும் பழுதுபார்க்கும் விவரத்தையும் வெளிக்கடைகளுக்கும் கொடுக்கச் சொன்னது. 2022-இல் மத்திய அரசு பழுதுபார்க்கும் உரிமைக்கென இணையதளமே திறந்தது. என் கைக்கு இன்னும் ஒரு பக்கம்கூட வரவில்லை.

கடைசியில், யாரோ ஸ்கேன் செய்து போட்ட மேனுவலின் மங்கல் பக்கத்தைப் பெரிதாக்கி, டேப்பெட் அளவில் கடைசி இலக்கம் ஆறா எட்டா என்று கண்ணைச் சுருக்கிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். இறுக்கமாக வைத்தால் வால்வு கருகும் சாமி! அந்த மேனுவலை இலவசமாக யார் கேட்டார்கள்? விலை போட்டாவது விற்றுத் தொலையுங்கள், வாங்கிக்கொள்கிறேன்.