செட்டிநாடு எந்தச் சீமையில் இருந்தது?

காரைக்குடிப் பக்கம் பெரிய வீடுகளைப் படம் பிடித்துப் போடும் காணொளிகளில் "இது செட்டிநாட்டு ராஜா ஆண்ட பூமி" என்று அடித்துச் சொல்கிறார்கள். அதைக் கேட்டுக்கொண்டு சும்மா இருக்க என்னால் முடியவில்லை. வெள்ளைக்காரன் காலத்தில் செட்டிநாடு என்று ஒரு ராஜ்யமோ ஜில்லாவோ தாலுகாவோ இருந்ததே கிடையாது. செட்டிநாட்டு ராஜா என்பது 1929-இல் அண்ணாமலை செட்டியாருக்கு பிரிட்டிஷ் அரசு கொடுத்த பட்டம். சிதம்பரத்தில் பல்கலைக்கழகம் கண்டவருடைய பெருமைக்கு இதனால் ஒரு குறையும் வராது. ஆனால் இந்த மண்ணில் தீர்வை வாங்கியவர்களும், வழக்குத் தீர்த்தவர்களும், கண்மாயைப் பராமரித்தவர்களும் பராமரிக்காமல் விட்டவர்களும் வேறு ஆட்கள். அவர்களைப் பற்றி நாம் பேசுவதே இல்லை என்பதுதான் என் ஆதங்கம்.

நகரத்தார் என்னும் நாட்டுக்கோட்டைச் செட்டியார்களின் ஊர்கள் இருக்கும் இந்த வட்டாரம் மூன்று பேர் கையில் இருந்தது. காரைக்குடி, திருப்பத்தூர்ப் பக்கம் சிவகங்கை ஜமீன். கிழக்கே திருவாடானைப் பக்கம் சேதுபதியின் ராமநாதபுரம் ஜமீன். வடக்கே ராயவரம், கடியாபட்டி, கோனாப்பட்டு, அரிமளம் எல்லாம் புதுக்கோட்டைத் தொண்டைமான் சமஸ்தானம். பெண் கொடுத்து எடுப்பதும் கோயில் முறையும் ஒன்றுதான். ஆனால் எல்லையைத் தாண்டினால் அரசாங்கக் கச்சேரி வேறு, சட்டம் வேறு. புதுக்கோட்டையில் சில்லறைக்கு அம்மன் காசு என்று சமஸ்தானத்தின் சொந்த நாணயம்கூட உண்டு.

இந்த எல்லைகள் இறுகியதற்குக் காரணம் 1801. மருது சகோதரர்களை எதிர்த்துச் சண்டை நடந்துகொண்டிருக்கும்போதே கிழக்கிந்தியக் கம்பெனிக்காரர்கள் படமாத்தூர் கௌரி வல்லபரை சிவகங்கைக்கு உரியவர் என்று அறிவித்தார்கள். அக்டோபர் 24-ஆம் தேதி திருப்பத்தூரில் மருது சகோதரர்களைத் தூக்கிலிட்டார்கள். அடுத்த ஆண்டு சின்ன மருதுவின் மகன் துரைச்சாமி உட்பட எழுபதுக்கும் மேற்பட்டவர்களை பினாங்குக்குக் கப்பலேற்றினார்கள். கம்பெனி பக்கம் நின்ற தொண்டைமானுக்குத் திருமயத்தை அடுத்த கீழாநிலைக் கோட்டையும் அதைச் சேர்ந்த ஊர்களும் கிடைத்தன. ஆண்டுக்கு ஒரு யானை தர வேண்டும் என்பது அதற்கான நிபந்தனை. 1836-இல் அதையும் தள்ளுபடி செய்துவிட்டார்கள். இன்றைக்கு நாம் புதுக்கோட்டை மாவட்டம், சிவகங்கை மாவட்டம் என்று தாண்டிப் போகிற கோட்டில் இத்தனையும் இருக்கிறது.

1803-இல் சிவகங்கைக்கும் ராமநாதபுரத்துக்கும் நிரந்தர ஒப்பந்தப்படி சன்னது, அதாவது உரிமைப் பத்திரம், கொடுத்தார்கள். ஜமீன்தார் ஆண்டுதோறும் கம்பெனிக்குக் கட்ட வேண்டிய பேஷ்குஷ் இவ்வளவுதான் என்று நிரந்தரமாகக் குறித்தாயிற்று. படை போயிற்று, போலீஸும் கோர்ட்டும் கம்பெனி கைக்குப் போயின. மிஞ்சியது நிலத்தின் மேல்வாரம், அதாவது விளைச்சலில் ஜமீனுக்கு உரிய பங்கு, மட்டும். ஆண்ட குடும்பம் வசூல் செய்து கட்டும் குடும்பமாக மாறியது.

அப்புறம் நடந்ததெல்லாம் வழக்குதான். கௌரி வல்லபர் 1829-இல் இறந்தார். வாரிசு யார் என்ற சண்டை அன்றைய மேல்முறையீட்டுக்குக் கடைசிக் கோர்ட்டான லண்டன் பிரிவி கவுன்சில் வரைக்கும் போய், 1863-இல் அவர் மகள் காத்தம நாச்சியார் பக்கம் தீர்ந்தது. இந்து வாரிசுரிமைச் சட்டம் படிப்பவர்களுக்கு இது பெரிய தீர்ப்பு. நான் நினைப்பது அந்த முப்பத்து நாலு வருஷத்தில் கண்மாய்க்கரை என்ன ஆனது என்பதை. மழை பொய்த்தால் வேறு கதி இல்லாத நம் சீமையில் மடையையும் கலுங்கையும் பழுது பார்க்க வேண்டிய ஜமீன், பணத்தை வக்கீலுக்கும் வட்டிக்கும் கொடுத்துக்கொண்டிருந்தது. ராமநாதபுரத்திலும் பாஸ்கர சேதுபதி காலத்துக் கடன் ஊரறிந்த விஷயம். இரண்டு ஜமீன்களுக்கும் கடன் கொடுத்தவர்களில் நகரத்தார் முக்கியமானவர்கள், கடனுக்கு ஈடாகக் கிராமங்களும் கை மாறின. அரண்மனை போன்ற வீடுகளைக் காட்டும்போது பர்மாத் தேக்கைச் சொல்கிறோம், இதையும் சேர்த்துச் சொல்ல வேண்டாமா?

குடியானவனுக்கு ஆட்சி என்றால் களத்துமேடுதான். அறுத்த நெல்லைக் குவித்துவிட்டு ஜமீன் ஆள் வந்து வாரம் அளக்கும்வரை ஒரு மணி தொடக்கூடாது, மழை வந்தாலும் கண்ணெதிரே நனையும் என்று எங்கள் பக்கத்துப் பெரியவர்கள் சொல்வார்கள். புதுக்கோட்டையிலும் இதே மாதிரி அமானி முறை இருந்தது. 1878-இல் திவானாக வந்த சேஷையா சாஸ்திரி அதை ஒழித்து ரொக்கத் தீர்வையாக்கினார். ஜமீன் ஊர்களிலோ வாரம் அதற்குப் பிறகும் வெகுகாலம் நீடித்தது. எல்லைக்கு அந்தப் பக்கம் பிறந்தவனுக்கும் இந்தப் பக்கம் பிறந்தவனுக்கும் வாழ்க்கையே வேறாக இருந்திருக்கிறது. 1908-இல் எஸ்டேட் நிலச் சட்டம் வந்த பிறகுதான் ஜமீன் குடிகளுக்கு நிலத்தில் உறுதியான பிடிமானம் கிடைத்தது.

1910-இல் மதுரை, திருநெல்வேலி ஜில்லாக்களிலிருந்து பிரித்து ராமநாதபுரம் ஜில்லாவை உண்டாக்கினார்கள். கலெக்டர் ஆபீஸோ மதுரையில். சுதந்திரம் வந்த பிறகும் பல வருஷம் அங்கேயே இருந்தது. சொந்த ஜில்லாவின் கலெக்டருக்கு மனுக் கொடுக்க அடுத்த ஜில்லாவுக்குப் போன ஜனங்கள் நாம். 1948-இல் ஜமீன் ஒழிப்புச் சட்டம் வந்தது, அதே ஆண்டு மார்ச்சில் புதுக்கோட்டை இந்தியாவோடு இணைந்து திருச்சி ஜில்லாவில் சேர்ந்தது. 1974-இல் புதுக்கோட்டையும் 1985-இல் சிவகங்கையும் தனி மாவட்டங்களாயின. பெயர்ப் பலகை பல தடவை மாறியது, கோடு பெரும்பாலும் அதேதான்.

இதற்கெல்லாம் சாட்சி நம் வீடுகளிலேயே இருக்கிறது. குத்தகைச் சீட்டு, வாரக் கணக்கு, கோர்ட் நகல், ஓலைக்கட்டு. வீட்டைப் பிரிக்கும்போது கதவும் தூணும் முனீஸ்வரன் கோயில் தெருக் கடைகளுக்கு நல்ல விலைக்குப் போகின்றன. காகிதம் எடைக்குப் போகிறது. கோட்டையூர் ரோஜா முத்தையா ஒருவர் வாழ்நாளெல்லாம் சேர்த்த அச்சுக் காகிதங்கள் இன்று சென்னையில் அவர் பெயரிலேயே ஆராய்ச்சி நூலகமாக நிற்கின்றன. நம் ஊர் ஜமீன் காகிதங்களுக்கு அப்படி ஓர் இடம் காரைக்குடியிலேயே வேண்டும். அதுவரை, உங்கள் வீட்டுப் பெட்டகத்திலோ பரணிலோ இப்படி ஒரு கட்டு கிடந்தால் தயவுசெய்து எடைக்குப் போடாதீர்கள். பக்கம் பக்கமாகப் படம் எடுங்கள், எந்த ஊர், எந்த ஜமீன் என்று எழுதி வையுங்கள். படிக்கத் தெரியவில்லை என்றால் எனக்கு அனுப்புங்கள், உட்கார்ந்து படித்துச் சொல்கிறேன்.