கொனோலியை நாற்காலியோடு மட்டும் கட்டிப் போடாதீர்கள்

மே 12 கூட்டத்தில் நடந்தது இங்கே பாதிப் பேருக்குத் தெரியும். மீதிப் பேர் வீடியோ பார்த்திருப்பீர்கள். அதனால் முழுக் கதையையும் திரும்பச் சொல்லவில்லை, அதற்குப் பிறகு நீங்கள் எழுதியவற்றுக்குப் பதில் சொல்கிறேன். அயர்லாந்தின் தொழிற்சங்கத் தலைவர், சோசலிஸ்ட் ஜேம்ஸ் கொனோலியின் நினைவுக் கூட்டம் என்று அழைத்தார்கள், போனேன். பேச்சாளர் ஆரம்பித்ததும் கொனோலியைச் சுட்டுக் கொன்ற டப்ளின் கில்மைனம் சிறையில், முடித்ததும் அதே சிறையில். அவர் சங்கம் கட்டிய காலத்தைப் பற்றியும் கொஞ்சம் சொல்லுங்கள் என்று எழுந்து கேட்டேன். "தொழிற்சங்கக் கதையெல்லாம் இன்னொரு நாள் பார்க்கலாம் தோழர், இன்றைக்குத் தியாகத்தைப் பேசுவோம்" என்று மைக்கிலேயே சொன்னார். அரங்கம் கைதட்டியது. அவர் சொன்னதைவிட அந்தக் கைதட்டல்தான் எனக்கு வலித்தது.

அவர் பேசியதில் பொய் எதுவும் இல்லை. பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிராக 1916-இல் நடந்த ஈஸ்டர் எழுச்சியில், டப்ளின் தலைமைத் தபால் நிலையச் சண்டையில் கொனோலிக்குக் கணுக்காலில் குண்டடி பட்டது. எழுந்து நிற்க முடியாத மனிதரை ஆம்புலன்ஸில் கொண்டுவந்து, நாற்காலியில் உட்கார வைத்து, 1916 மே 12 அன்று சுட்டுக் கொன்றார்கள். அதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கும் நெஞ்சு அடைக்கும். ஆனால் அது 47 வயது மனிதரின் கடைசிச் சில நிமிடங்கள். அதற்கு முன்னால் அவர் வாழ்ந்த வாழ்க்கை எங்கே போயிற்று?

எடின்பரோவின் கௌகேட் சேரியில் 1868-இல் பிறந்தவர். பெற்றோர் அயர்லாந்திலிருந்து பிழைக்க வந்தவர்கள். அப்பா மாநகராட்சிக் குப்பையும் எருவும் அள்ளும் வண்டி ஓட்டினார், பிள்ளையும் அதையே செய்தார். 1896-இல் டப்ளினுக்கு வந்து ஒரு சின்ன சோசலிசக் கட்சி ஆரம்பித்தார், பத்திரிகை நடத்தினார். கட்சியால் அவர் குடும்பத்துக்குச் சோறு போட முடியவில்லை. 1903-இல் அமெரிக்கா போனார். மறு வருஷம் மனைவி லில்லியும் பிள்ளைகளும் கப்பல் ஏறக் கிளம்பும் நேரத்தில் மூத்த மகள் மோனா தீக்காயம் பட்டு இறந்துபோனாள். தியாகம் என்றால் இதையும்தானே சேர்க்க வேண்டும்?

அப்புறம் அயர்லாந்துக்கே திரும்பினார். 1913, டப்ளின் கதவடைப்பு. டிராம் கம்பெனி, இம்பீரியல் ஹோட்டல், ஐரிஷ் இண்டிபெண்டன்ட் பத்திரிகை எல்லாம் வில்லியம் மார்ட்டின் மர்ஃபி என்ற ஒரே முதலாளி கையில். ஜிம் லார்கினின் போக்குவரத்துத் தொழிலாளர் சங்கத்தில் இல்லை, இனியும் சேரமாட்டேன் என்று எழுதிக் கையெழுத்துப் போடு, இல்லாவிட்டால் வேலை இல்லை என்று முதலாளிகள் ஒன்றுசேர்ந்து சொன்னார்கள். அந்தச் சங்கத்தில் இல்லாத தொழிலாளிகள்கூடக் கையெழுத்துப் போட மறுத்தார்கள். சுமார் 20,000 பேர் மாதக்கணக்கில் வேலையில்லாமல் தெருவில் நின்றார்கள். லிபர்ட்டி ஹால் என்ற சங்கக் கட்டடத்தில் கஞ்சி காய்ச்சி ஊற்றினார்கள். கொனோலியைச் சிறையில் போட்டார்கள், உண்ணாவிரதம் இருந்து வெளியே வந்தார். லார்கின் அமெரிக்கா போன பிறகு தோற்றுப்போன, காசில்லாத அந்தச் சங்கத்தைத் தாங்கிப் பிடித்தது இவர்தான்.

எனக்கு ஏன் இவ்வளவு கோபம் என்று கேட்கிறவர்களுக்காக ஒன்று சொல்கிறேன். என் அப்பா மில் தொழிலாளி. நான் பள்ளிக்கூடம் போன காலத்தில் அவர் மில்லிலும் கதவடைப்பு, அங்கேயும் ஒரு காகிதம் நீட்டினார்கள். சித்தப்பா கையெழுத்துப் போட்டு உள்ளே போனார். அப்பா போடவில்லை. காகிதத்தை நாலாக மடித்து டிரங்குப் பெட்டியில் ரேஷன் கார்டுக்கு அடியில் வைத்தார். இரண்டு வீட்டுக்கும் ரொம்ப நாள் பேச்சுவார்த்தை இல்லை. அப்பா காய்கறி மண்டியில் மூட்டை எடை போடும் வேலைக்குப் போனார், திரும்ப மில் வேலை கிடைக்கவே இல்லை. யாரும் அவரைச் சுடவில்லை. அதனால் அவருக்கெல்லாம் கூட்டம் கிடையாது, கைதட்டலும் கிடையாது. கொனோலியைப் படித்தபோதுதான் ஒரு தலைவர் இப்படிப்பட்டவர்களை மதித்து எழுதியிருக்கிறாரே என்று தோன்றியது. அந்தக் கொனோலியை என்னிடமிருந்து பிடுங்கினால் நான் சும்மா இருக்க முடியாது.

"அவர் துப்பாக்கி எடுத்ததால்தானே பெயர் வந்தது?" என்று ஒருவர் எழுதியிருக்கிறார். சரி, அந்தத் துப்பாக்கி எங்கிருந்து வந்தது? கதவடைப்பின்போது போலீஸ் தடியடியிலிருந்து தொழிலாளிகளைக் காப்பாற்றத் தொடங்கியதுதான் குடிமக்கள் படை. அது சங்கத்தின் படை. ஈஸ்டர் எழுச்சியின் குடியரசுப் பிரகடனம் அச்சானதும் அதே லிபர்ட்டி ஹாலில்தான். ஓர் ஓட்டை இயந்திரம், மூன்று தொழிலாளிகள். அச்சு எழுத்து போதாமல் மேல்பாதியை முதலில் அடித்து, அதே எழுத்துகளைப் பிரித்துக் கீழ்பாதியைக் கோத்தார்கள். மர்ஃபியின் இம்பீரியல் ஹோட்டல் மேலே கொனோலி ஏற்றச் சொன்னது விண்மீன் கலப்பைக் கொடியை, தன் படையின் கொடியை. இதில் சங்கத்தை எடுத்துவிட்டால் என்ன மிஞ்சும்?

"நாட்டுக்காகச் செத்தவரை ஒரு சங்கத்துக்குள் சுருக்குகிறாய்" என்கிறீர்கள். சுருக்குவது நான் இல்லை. நாளைக்கே ஆங்கிலப் படையை விரட்டி டப்ளின் கோட்டையில் பச்சைக் கொடி ஏற்றினாலும், சோசலிசக் குடியரசைக் கட்டாவிட்டால் முதலாளிகள் வழியாக, நிலப்பிரபுக்கள் வழியாக இங்கிலாந்து உங்களை ஆண்டுகொண்டுதான் இருக்கும் என்று 1897-லேயே எழுதியவர் அவர். நாடு என்றால் அவருக்கு அதில் வேலை செய்கிற ஜனங்கள்.

"பிரிட்டிஷ் ராணுவத்தில் இருந்தவர்தானே" என்று கிளம்பியவருக்கு நான் பதில் சொல்வதாக இல்லை. பதினான்கு வயதுப் பையன் பசிக்குப் போனான், அவ்வளவுதான்.

"அயர்லாந்துக்காரருக்கு நாம் ஏன் அடித்துக்கொள்ள வேண்டும்" என்பவர்கள் வி.வி. கிரியை நினைத்துப் பாருங்கள். 1913-இல் டப்ளினுக்குச் சட்டம் படிக்கப் போனவர், கதவடைப்பு நடந்த ஊரில் இருந்தவர். 1916-இல் அங்கிருந்து வெளியேறச் சொன்னார்கள். இங்கே வந்து ரயில்வே தொழிலாளர்களுக்குச் சங்கம் கட்டினார், 1937-இல் ராஜாஜி அமைச்சரவையில் தொழிலாளர் துறையைப் பார்த்தார்.

இன்னொன்றும் மனதில் கிடந்து அறுக்கிறது. தொழிலாளி முதலாளித்துவச் சமூகத்தின் அடிமை, பெண் தொழிலாளி அந்த அடிமைக்கும் அடிமை என்று எழுதியவர் கொனோலி. அவருடைய நினைவு மேடையில் ஒரு பெண்கூட இல்லை. லில்லியின் பெயர் ஒரு தடவைகூட வரவில்லை. வீட்டை நடத்தியது யார், பிள்ளைகளுக்குச் சோறு போட்டது யார் என்று கேட்க ஆளில்லை. பதினைந்து வயது மகன் ராடி தபால் நிலையத்துக்குள் அப்பாவோடு இருந்தான். அந்த வாரம் முழுக்க அவள் எப்படி இருந்திருப்பாள்? செத்த பிறகு ஒருவரைக் கும்பிடுவது சுலபம், அவர் திருப்பிக் கேள்வி கேட்கமாட்டார். 1966-இல் டப்ளின் ரயில் நிலையத்துக்கு அவர் பெயரை வைத்த அரசும் அவர் கேட்ட குடியரசைக் கட்டவில்லை.

கொனோலியைச் சுட்ட பிறகு அந்தப் போக்குவரத்துத் தொழிலாளர் சங்கம் என்ன ஆனது என்று கூட்டத்தில் யாராவது சொன்னார்களா? 1916-இல் சில ஆயிரம் பேர்தான் இருந்தார்கள். 1920-இல் ஒரு லட்சத்தைத் தாண்டியது, அதில் பண்ணைக் கூலிகள் ஏராளம். அவர் விட்டுப்போனது என்று நான் சொல்வது இதைத்தான்.

மேலே சொன்ன 1897 கட்டுரையின் தலைப்பு 'சோசலிசமும் தேசியமும்'. சின்னக் கட்டுரைதான், சனிக்கிழமை தமிழில் போடுகிறேன். சண்டை போட வேண்டும் என்றால் அதைப் படித்துவிட்டு வந்து போடுங்கள்.