சந்திரலேகா ஆடியது நடனம்தான்

அண்மையில் ஒரு மேடையில் ஒரு பெரியவர், மறைந்த நடனக் கலைஞர் சந்திரலேகாவைப் பற்றிப் பேசினார். அவர் செய்தது உடற்பயிற்சியாம், நடனமே இல்லையாம். அரங்கம் கைதட்டியது. பேச்சைவிட அந்தக் கைதட்டல்தான் எனக்கு ஆறவே இல்லை.

காஞ்சிபுரம் எல்லப்பா பிள்ளையிடம் பரதம் கற்றவர் சந்திரலேகா. 1952இல் ஆந்திரத்தின் ராயலசீமா பகுதி வறட்சி நிவாரணத்துக்காக ஆடியபோது, யமுனையில் தண்ணீர் தளும்புவதை அபிநயம் பிடித்துக்கொண்டிருந்தவருக்கு வறண்டு வெடித்த நிலம் கண்முன் வந்து நின்றது. பின்னாளில் அவரே சொன்னது இது. ஆட்டத்துக்கும் வெளியே இருக்கும் வாழ்க்கைக்கும் என்ன உறவு என்ற கேள்வி அதற்குப் பிறகு அவரை விடவேயில்லை. உடற்பயிற்சி செய்கிறவருக்கா இப்படிக் கேள்வி வரும்?

1985இல் வந்த அவருடைய 'அங்கிகா' என்ற நடனப் படைப்பில் பரதத்தின் அடிப்படை அசைவான அடவும், கேரளத்துத் தற்காப்புக் கலையான களரியும் ஒரே மேடையில் நின்றன. "கலந்தால் பரதம் கெட்டுவிடாதா?" என்பீர்கள். கெடவில்லை. முழங்காலை மடித்துப் பாதி உட்கார்ந்த நிலையான அரைமண்டி அரைமண்டியாகவே இருந்தது. நகையும் புன்னகையும்தான் போயின.

சிறுவயதில் நானும் பரதம் படித்தேன். அரைமண்டியில் தொடை நடுங்கும்போது டீச்சர் தட்டுக்கழியைத் தட்டி, "முகத்துல சிரிப்பு எங்கே?" என்பார். வயதுக்கு வந்து உடம்பு போட்டதும் என்னைப் பின்வரிசைக்குத் தள்ளினார். அழுததை வீட்டில்கூட சொல்லவில்லை. பல வருடம் கழித்து சந்திரலேகாவின் 'சரீரா' என்ற படைப்பைப் பார்த்தேன். துருபத் என்னும் பழைய இந்துஸ்தானி இசை மெல்ல நகர, அதே நிதானத்தில் ஒரு பெண்ணின் உடம்பு அசைந்தது. அவள் யாருக்காகவும் சிரிக்கவில்லை. இப்படியும் மேடையில் இருக்கலாம் என்று எனக்கு யாருமே சொன்னதில்லை.

"எல்லோருக்கும் புரியவில்லையே?" சரி, நியாயமான குறைதான். எனக்கே சில இடங்கள் பிடிபடவில்லை. ஆனால் பரதக் கச்சேரியில் நீளமாக ஆடும் தெலுங்கு வர்ணம் மட்டும் சபாவில் எல்லோருக்கும் புரிகிறதா? அதை யாரும் உடற்பயிற்சி என்பதில்லையே.

விருதைக் காட்டி வாயடைக்கிறேன் என்று நினைக்காதீர்கள், ஆனாலும் சொல்கிறேன். சங்கீத நாடக அகாதமி 2004இல் தன் உயரிய கௌரவமான ஃபெலோஷிப்பை அவருக்குக் கொடுத்தது. அவர்களுக்கும் நடனம் தெரியாதா?

காலை அகட்டி, கூச்சமில்லாமல் மேடையில் இருக்கும் பெண்ணைப் பார்க்க உங்களுக்குக் கூசுகிறது. அதைச் சொல்லத் தைரியமில்லாமல் இலக்கணத்தை இழுக்கிறீர்கள். ஆம், கோபமாகத்தான் எழுதுகிறேன். அவர் ஆடியது நடனம். நடனம்தான்.

2006 டிசம்பரில் அவர் போய்விட்டார். அதுவரை இதே சென்னையில், எலியட்ஸ் கடற்கரைப் பக்கம்தான் இருந்தார். அப்போதே நேரில் போய்க் கேட்டிருக்கலாமே ஐயா, ஏன் கேட்கவில்லை?