கோர்ட் உத்தரவுக்கும் ஃபண்ட் வரணுமா?

ஒரு கான்ட்ராக்டருக்குப் பில் பணத்தைக் கொடுக்கச் சொன்ன கோர்ட் உத்தரவை நிறைவேற்றாத அதிகாரி, நேற்று நேரில் ஆஜராகி வருத்தம் தெரிவித்ததும் அவர் மீதான கன்டெம்ப்ட் (கோர்ட் அவமதிப்பு) மனு முடித்துவைக்கப்பட்டது. பணம் கொடுக்க இன்னும் நாலு வாரம் அவகாசம். செய்திக்குக் கீழே எனக்குத் தெரிந்தவர்களே எழுதியிருக்கிறீர்கள்: "ஒரு கான்ட்ராக்டர் பில்லுக்காக அதிகாரியைக் கோர்ட்டில் நிற்க வைப்பதா?"

பில்லுக்கான வழக்கு எப்போதோ தீர்ந்துவிட்டது ஐயா. பணத்தைக் கொடு என்று கோர்ட் சொல்லிவிட்டது. அந்த உத்தரவை மதிக்காததற்குத்தான் இந்த வழக்கு. ரெண்டையும் போட்டுக் குழப்பாதீர்கள்.

கான்ட்ராக்டர்கள் நாங்கள் அதிகாரிகளை ஜெயிலுக்கு அனுப்பத் துடிக்கிறோமாம். 1971 கோர்ட் அவமதிப்புச் சட்டத்தில் இதற்கு அதிகபட்சம் ஆறு மாத வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம். மன்னிப்பு கேட்டு, அது கோர்ட்டுக்குத் திருப்தியாக இருந்தால் அதுவும் கிடையாது. வேண்டுமென்றே மீறினார் என்று நாங்கள்தான் காட்ட வேண்டும். மனுவையும் மீறல் நடந்த ஒரு வருஷத்துக்குள் போட்டுவிட வேண்டும்.

எனக்கே நடந்தது. ஊரும் துறையும் வேண்டாம். கிராமச் சாலையில் ஒரு சிறுபாலம். அளவெடுத்து எம்-புக்கில் (வேலையின் அளவுகளைப் பதியும் புத்தகம்) ஏற்றி, கையெழுத்தெல்லாம் ஆன பில். கேட்டால் "ஃபண்ட் வரல". எட்டு வாரத்தில் கொடுக்கச் சொன்னது கோர்ட். உத்தரவு நகலைத் தபால் பிரிவில் கொடுத்து சீல் வாங்கி வந்தேன். கெடு முடிவதற்குள் அதிகாரி மாறுதலாகிப் போய்விட்டார். புதிதாக வந்தவர் ஃபைலைத் திறக்கவே இல்லை. "நான் இப்பத்தான் சார்ஜ் எடுத்திருக்கேன்" என்றார். கன்டெம்ப்ட் நோட்டீஸ் போன பிறகுதான் அவர்களுக்கு அப்பீல் ஞாபகம் வந்தது, தாமதத்தை மன்னிக்கச் சொல்லும் மனுவோடு. அப்பீல் போட்டாலே ஸ்டே ஆகிவிடாது. அதை எடுத்துச் சொல்லவும் வக்கீலுக்கு நான்தான் ஃபீஸ் கட்டினேன்.

"எக்ஸிக்யூஷன் (தீர்ப்பை நிறைவேற்றக் கேட்கும் மனு) போடலாமே, கன்டெம்ப்ட் என்ன வசூல் பண்ணும் வழியா?" என்கிறார் ஒரு வக்கீல் நண்பர். டிக்ரி, அதாவது சிவில் கோர்ட்டின் தீர்ப்பாணை, கையில் இருந்தால் அதுதான் முறை, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் 2019 பிப்ரவரியில் ஒரு கன்டெம்ப்ட் வழக்கில் என்ன நடந்தது? எரிக்சன் என்ற தொலைத்தொடர்புக் கருவி நிறுவனத்துக்குப் பாக்கியைக் கட்டுகிறோம் என்று கோர்ட்டில் உறுதி கொடுத்துவிட்டு ரிலையன்ஸ் கம்யூனிகேஷன்ஸ் கட்டவில்லை. நாலு வாரத்தில் 453 கோடி கட்டு, இல்லையென்றால் மூன்று மாதம் சிறை என்று அதன் தலைவர் அனில் அம்பானியிடமே சொன்னது உச்ச நீதிமன்றம். கெடுவுக்கு முந்தின நாள் பணம் வந்து சேர்ந்தது. அதுவும் கான்ட்ராக்ட் பாக்கிதான். அன்றைக்குக் கைதட்டியவர்கள்தானே நீங்கள்?

எடுத்ததற்கெல்லாம் அதிகாரிகளை வரவழைக்கக் கூடாது என்று 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் வழிமுறை வகுத்தது. சரிதான். காணொளியிலேயே வரட்டும். எங்களுக்கு வேண்டியது அவர் தலைகுனிவு இல்லை, பணம்.

அரசிடம் நிதி இல்லை என்றால் டெண்டர் விட்டிருக்கக் கூடாது. கம்பிக் கடைக்காரரிடம் ஃபண்ட் வரல என்று நான் சொல்ல முடியுமா? தீபாவளிக்கு முந்தின நாள் சென்ட்ரிங் மேஸ்திரி வீட்டுக்கு வந்தார். காபியை மட்டும் குடித்துவிட்டு, எதுவும் கேட்காமல் எழுந்து போனார். அவர் திட்டியிருந்தால்கூடப் பரவாயில்லை. அவர் வீட்டில் அந்தத் தீபாவளி எப்படிப் போயிருக்கும் என்று உங்களில் யாராவது ஒரு வரி எழுதினீர்களா? வருத்தம் தெரிவித்த அதிகாரிக்காக அத்தனை பேர் வருத்தப்படுகிறீர்களே!

"கான்ட்ராக்டர்னாலே கமிஷன், கலப்படம்" என்று எழுதிய தம்பிக்கு: வேலையில் குறை இருந்தால் அளவெடுத்துக் கையெழுத்து போட்டவர்களிடம் கேள். கோர் கட்டர் வைத்துத் துளைத்துப் பார்க்கச் சொல், நானும் கூடவே வந்து நிற்கிறேன். குறை எதுவும் இல்லையென்றால் அந்த கமென்ட்டை எடுத்துவிடு.