குவாண்டம் கணினி தவறே செய்யாதா?

"குவாண்டம் கணினி ஒருபோதும் தவறு செய்யாது, பிழை வருவது பழைய கணினிகளில்தான்." காரைக்குடி வாட்ஸ்அப் குழுக்களில் சுற்றும் இந்தச் செய்தி உண்மையன்று, நிலைமை நேர்த் தலைகீழ்.

சாதாரண நினைவகத்தில் ஒரு பிட், அதாவது 0 அல்லது 1 என்ற தகவல் துளி, புரண்டால் கண்டுபிடித்துத் திருத்தும் முறையைக் கணிதவியலாளர் ரிச்சர்ட் ஹாமிங் 1950-லேயே வெளியிட்டுவிட்டார். குவாண்டம் கணினியில் தகவலைத் தாங்கும் குவாண்டம் பிட்டோ 0, 1 இரண்டும் கலந்த நிலையிலும் இருக்கக்கூடியது, மிக மென்மையானது. சிறு வெப்பம் பட்டாலே நிலை குலையும். நகலெடுத்துப் பத்திரப்படுத்தவும் இயலாது. அறியாத குவாண்டம் நிலையை நகலெடுக்க முடியாது என்பது 1982-இல் நிறுவப்பட்டது. நேரே அளந்தாலோ கலைந்துவிடும்.

எங்கள் ஐயா இரவில் பேரேட்டை மடியில் விரித்து ஐந்தொகை போடுவார். நாலணா உதைத்தாலும் படுக்கப் போகமாட்டார். பற்றும் வரவும் நேராகாதபோதே எங்கோ பிசகு என்று தெரிந்துவிடும், ஒவ்வொரு பதிவையும் படிக்க வேண்டியதில்லை. 1995-இல் கணிதவியலாளர் பீட்டர் ஷோர் குவாண்டம் பிழையைத் திருத்தக் காட்டிய வழியும் ஏறக்குறைய இதுதான்: ஒரு குவாண்டம் பிட்டின் தகவலை ஒன்பது குவாண்டம் பிட்டுகளில் பரப்பி, மதிப்பைப் படிக்காமல் அவற்றுக்கிடையே உள்ள பொருத்தத்தை மட்டும் சோதிப்பது.

2024 டிசம்பரில் கூகுளின் 105 குவாண்டம் பிட் கொண்ட வில்லோ சில்லு, பிழைதிருத்தத்துக்கான பிட்டுகளைக் கூட்டக் கூட்டப் பிழை குறைவதைக் காட்டியது. பெரிய சாதனைதான். குறைந்தது என்றுதான் அவர்களும் சொன்னார்கள். ஒழிந்தது என்று சொல்லவில்லை.